தடையாணையை மீறியவர் மேல் நிறைவேற்று மனு: இந்தச் சேவை யாருக்கு உதவும், எங்கே கவிழும்

நிரந்தரத் தடையாணை கையில் வந்த நாளன்று வழக்கு முடிந்துவிட்டது என்று நினைப்பவர்கள் அதிகம். எதிர்த் தரப்பு மறுபடியும் வேலிக்கல்லைப் பிடுங்கும்போதுதான் அந்தத் தீர்ப்பாணையை (டிகிரி) செயலாக்குவது தனி வேலை என்று தெரிகிறது. அந்த வேலைக்கு உரிமையியல் நீதிமன்றம் வைத்திருக்கும் சேவைதான் நிறைவேற்று மனு. கோர்ட் வளாகத்தில் இதை இ.பி. என்பார்கள். உரிமையியல் நடைமுறைச் சட்டம் 1908, கட்டளை (ஆர்டர்) 21, விதி 32 என்ற முகவரியில் இது இருக்கிறது. ஒரு பயனாளி காசும் காலமும் செலவழித்து வாங்கும் சேவையாகவே இதை இங்கே எடைபோடலாம்: என்ன தருவதாகச் சொல்கிறது, எவ்வளவு தருகிறது, எந்த இடத்தில் காலை வாருகிறது.

முதலில் என்ன கிடைக்கும் என்பது. தீர்ப்பாணைக்குக் கீழ்ப்படிய வாய்ப்பு இருந்தும் வேண்டுமென்றே கீழ்ப்படியாதவரை உரிமையியல் சிறையில் வைக்கலாம், அவருடைய சொத்தை ஜப்தி செய்யலாம், இரண்டையும் சேர்த்தும் செய்யலாம். ஜப்தி 6 மாதம் நிற்கும். அதற்குள் கீழ்ப்படியாவிட்டால், தீர்ப்பாணை பெற்றவர் மனுப் போட்டால், சொத்தை விற்று அதிலிருந்து நஷ்டஈடு தர நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. 6 மாதம் கடந்தும் விற்பனை கேட்டு மனுப் போடாவிட்டால் ஜப்தி தானாக விழுந்துவிடும். பலர் கோட்டைவிடும் தேதி இது. எதிராளி கம்பெனியாக இருந்தால் கம்பெனியின் சொத்தை ஜப்தி செய்யலாம். நீதிமன்றத்தின் அனுமதியோடு இயக்குநர்களையோ முதன்மை அதிகாரிகளையோ சிறையில் வைக்கலாம். இடையில் ஒரு வேடிக்கை: யாரிடமும் ஒரு ரூபாய் கடன் வாங்காதவரையும் இந்த மனுவில் ‘தீர்ப்புக் கடனாளி’ என்றே எழுத வேண்டும். சட்டத்தின் மொழி அப்படி.

இதே விதியின் 5-ஆம் உட்பிரிவில் இன்னொரு பொருள் இருக்கிறது. அதைப் பிறகு பார்க்கலாம். இந்தச் சேவையில் உருப்படியானது அதுதான் என்பது இந்த மதிப்புரையின் கட்சி.

தவறான கவுன்ட்டரில் வரிசை நிற்பதுதான் முதல் விபத்து. வழக்கு நடந்துகொண்டிருக்கும்போது கொடுத்த இடைக்காலத் தடையை மீறினால் கட்டளை 39, விதி 2ஏ. இது 1976 திருத்தத்தில் வந்தது. சிறை 3 மாதம் வரை, ஜப்தி ஓராண்டு வரை. வழக்கு முடிந்து இறுதித் தீர்ப்பாணை வந்ததும் இடைக்காலத் தடை அதில் கரைந்துவிடும். அதற்குப் பிறகு நடந்த மீறலுக்கு 2ஏ மனு செல்லாது, விதி 32 மனுதான். 2011-ல் டெல்லியிலிருந்து போன ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகவே சொல்லிவிட்டது. நிறைவேற்றக்கூடிய தீர்ப்பாணை கையில் இருக்கும்போது அதை விட்டுவிட்டு நீதிமன்ற அவமதிப்பு என்று உயர் நீதிமன்றத்துக்கு ஓடுவதும் வழியல்ல என்று அதே தீர்ப்பு சொல்கிறது. அவமதிப்புச் சட்டம் 1971-ன் கீழ் 6 மாதம் வரை சிறை, 2,000 ரூபாய் வரை அபராதம் என்பதைக் கேட்டு மயங்குகிறவர்கள், அதற்கு ஓராண்டுக் கெடு இருப்பதையும் நினைவில் வைக்க வேண்டும். அந்தக் கெடு உயர் நீதிமன்றப் படிக்கட்டிலேயே கழிந்துவிட்டால் நடுவில் நிற்க வேண்டியதுதான்.

விதி 32-க்குக் கெடு விஷயத்தில் நல்ல மதிப்பெண் தரலாம். 1963-ஆம் ஆண்டு காலவரையறைச் சட்ட அட்டவணையின் 136-ஆம் உறுப்பின்படி நிரந்தரத் தடையாணையை நிறைவேற்றக் கால எல்லையே கிடையாது. 20 ஆண்டு பழைய தீர்ப்பாணையாக இருந்தாலும் இன்று மீறினால் இன்று மனுப் போடலாம். ஆனால் ‘கட்டிய சுவரை இடித்து அகற்று’ என்பது போன்ற செயலுறுத்துக் கட்டளைக்கு அதே அட்டவணையின் 135-ஆம் உறுப்பு வருகிறது: தீர்ப்பாணை தேதியிலிருந்து, அல்லது செய்து முடிக்கக் குறித்த தேதியிலிருந்து, 3 ஆண்டு மட்டுமே. ஒரே தீர்ப்பாணையில் இரண்டும் கலந்து இருந்தால் ஒன்றுக்குக் கெடு உண்டு, மற்றதற்கு இல்லை. தீர்ப்பாணையின் கடைசிப் பக்கத்தை ஒரு முறை பென்சிலால் கோடு போட்டுப் படிப்பது நல்லது.

மனுவை எங்கே போடுவது என்பதில் குழப்பம் வேண்டாம். இரண்டாம் மேல்முறையீடு வரை போய் உயர் நீதிமன்றம் உறுதி செய்திருந்தாலும், மனு போட வேண்டியது முதலில் தீர்ப்புச் சொன்ன நீதிமன்றத்தில். பெரும்பாலும் அது மாவட்ட முன்சீப் அல்லது சார்பு நீதிமன்றம். மேல்முறையீடு நடந்திருந்தால் நிறைவேற்ற வேண்டியது மேல்முறையீட்டுத் தீர்ப்பாணை. அதன் சான்றிட்ட நகலைத்தான் இணைக்க வேண்டும். கட்டளை 21, விதி 11 கேட்கும் விவரங்கள் எல்லாம் ஒரு படிவத்தில் அடங்கும்: வழக்கு எண், தரப்பினர், தீர்ப்பாணைத் தேதி, மேல்முறையீடு உண்டா, முன்பு போட்ட மனுக்கள், யார் மேல் நடவடிக்கை, எந்த வகை உதவி. கைது கேட்டால் அதற்கான காரணங்களை மனுவிலேயோ பிரமாணப் பத்திரத்திலேயோ சொல்ல வேண்டும் என்று விதி 11ஏ தனியாக நிபந்தனை வைத்திருக்கிறது. தீர்ப்பாணை வந்து 2 ஆண்டு கடந்திருந்தாலோ, எதிராளி இறந்து வாரிசுகள் மேல் போட்டாலோ விதி 22-ன்படி முதலில் காரணம் கேட்கும் நோட்டீஸ். அசையாச் சொத்து பற்றிய நிரந்தரத் தடையாணை வாரிசுகளையும் கட்டும் என்பதை 2017-ல் உச்ச நீதிமன்றம் உறுதிப்படுத்தியிருக்கிறது. ‘அப்பா மேல்தான் ஆர்டர், என்மேல் இல்லையே’ என்ற வாதம் இப்போது அவ்வளவாக எடுபடாது.

செலவு? மனுவுக்கான கோர்ட் கட்டணம் சிறிதுதான். நோட்டீஸ் சேர்ப்பிப்பதற்கான பேட்டா, இடத்தைப் பார்த்து அறிக்கை தர நியமிக்கப்படும் வழக்கறிஞர் ஆணையருக்கு நீதிமன்றம் நிர்ணயிக்கும் கட்டணம், சர்வேயர் கட்டணம், வக்கீல் ஃபீஸ் இவைதான் கனம். கைது ஆணை வரை போனால், எதிராளியின் சாப்பாட்டுக்கான பிழைப்புப் படியை மனுதாரரே முன்கூட்டி நீதிமன்றத்தில் கட்ட வேண்டும், விதி 39. இதைக் கேட்டதும் பலருக்கு முகம் மாறிவிடும்.

இனிதான் விஷயத்தின் முள். ‘வேண்டுமென்றே’ என்ற ஒற்றைச் சொல்.

மீறல் நடந்தது என்று காட்டினால் போதும் என்று நினைத்துப் போடும் மனுக்கள்தான் தள்ளுபடியாகின்றன. 2009-ல் இந்திய உணவுக் கழகம் தொடர்பான வழக்கில் உச்ச நீதிமன்றம், 2ஏ விதியின் அதிகாரம் தண்டனைத் தன்மை உடையது; மீறல் நடந்ததாகச் சொல்பவர், குறிப்பிட்ட செயலைச் செய்யவோ செய்யாமலிருக்கவோ சொல்லும் ஆணை இருந்தது, அது மீறப்பட்டது என்ற இரண்டையும் சந்தேகத்துக்கு இடமின்றி நிறுவ வேண்டும் என்றது. 2019-ல் மாம்பள்ளீஸ் பேக்கரி வழக்கில் இன்னும் ஒரு படி: வெறும் மீறல் போதாது, அது வேண்டுமென்றே, அறிந்தே செய்ததாக இருக்க வேண்டும், குற்றப் பொறுப்பின் தன்மை கொண்ட குற்றச்சாட்டு என்பதால் அப்படித்தான் நிரூபிக்க வேண்டும். இவை 2ஏ விதி பற்றியவை. ஆனால் விதி 32-ம் சிறையைத்தான் கையில் வைத்திருக்கிறது, ‘வேண்டுமென்றே’ என்ற சொல்லையும் வைத்திருக்கிறது. ஆகவே நிறைவேற்று நீதிமன்றங்களில் எதிர்த்தரப்பு இவற்றை முதல் வாய்தாவிலேயே எடுத்து வீசும். அதற்கு ஏற்றாற்போல மனுவைக் கட்ட வேண்டும்.

நிரூபிக்க வேண்டியவை ஐந்து. தெளிவான தீர்ப்பாணை. அது எதிராளிக்குத் தெரியும். கீழ்ப்படிய அவருக்கு வாய்ப்பு இருந்தது. இன்ன நாளில் இன்ன செயலைச் செய்தார். அதைத் தெரிந்தே செய்தார். ஐந்தில் கடைசி ஒன்றை நேராகக் காட்டும் ஆவணம் எதுவும் கிடையாது, மனதைத் திறந்து காட்டும் சாட்சி இல்லை. முதல் நான்கையும் இறுக்கமாக வைத்தால் ஐந்தாவது அவற்றிலிருந்து தானாகக் கசியும்.

தெளிவு என்பது தபசிலில், அதாவது தீர்ப்பாணையின் சொத்து விவரத்தில், இருக்கிறது. புல எண், உட்பிரிவு, பரப்பு, நாலெல்லை, வழக்கு வரைபடம் ஆகியவை தீர்ப்பாணையோடு ஒட்டி இருக்க வேண்டும். ‘வடக்கு: பிரதிவாதி நிலம்’ என்று மட்டும் எல்லை எழுதி, நடுக்கோடு எங்கே என்று யாரும் அளக்காமல் விட்ட தீர்ப்பாணை நிறைவேற்று நீதிமன்றத்துக்குப் பெரும் தலைவலி. அந்த நீதிமன்றம் தீர்ப்பாணையைத் தாண்டிப் போகாது, சேர்க்காது, குறைக்காது. எல்லைக்கோடே உண்மையான சந்தேகமாக இருந்தால், ‘என் நிலம் என்று நினைத்துத்தான் உழுதேன்’ என்ற பதிலில் வேண்டுமென்றே என்பது கரைந்துவிடும். இதற்கு மருந்து முன்னாலேயே இருக்கிறது: மீறலுக்கு முன், தீர்ப்பாணை வந்த கையோடு, எதிராளிக்கும் நோட்டீஸ் கொடுத்து, புலப்படத்தின்படி சர்வேயரைக் கொண்டு அளந்து கல் நட்டுவிடுவது. அந்தக் கல்லுக்கு இந்தப் பக்கம் ஏர் ஓட்டியவரால் தெரியாது என்று சொல்ல முடியாது.

அறிவு என்ற இரண்டாவது. வழக்கில் வக்கீல் வைத்து எதிர்த்து, கூண்டில் ஏறிச் சாட்சி சொல்லித் தோற்றவருக்குத் தீர்ப்பு தெரியாது என்ற வாதம் நிற்காது. எதிராளி வராமலே சொன்ன ஒருதலைத் தீர்ப்பில்தான் சிக்கல். அங்கே முதல் வேலை, தீர்ப்பாணையின் சான்றிட்ட நகலோடு எச்சரிக்கை நோட்டீஸ் அனுப்புவது. பதிவுத் தபால் 2025-ல் விரைவுத் தபாலோடு இணைக்கப்பட்டுவிட்டதால், இப்போது விரைவுத் தபாலில் பதிவும் ஒப்புகையும் கேட்டு அனுப்ப வேண்டும். பட்டுவாடா விவரம் இணையத்தில் காலமெல்லாம் இருக்காது. வந்த அன்றே பக்கத்தைச் சேமித்து அச்செடுத்துக்கொள்ள வேண்டும். ‘வாங்க மறுத்தார்’ என்று திரும்பிய கவரைக் கிழிக்கவே கூடாது. அது திறக்காத நிலையில் கோர்ட்டில் போனால்தான் மதிப்பு. இ-கோர்ட்ஸ் செயலியைப் பற்றி இங்கே ஒரு வார்த்தை: ஒவ்வொரு வழக்குக்கும் தரப்படும் 16 இலக்க அடையாளமான சி.என்.ஆர். எண்ணைப் போட்டால் வாய்தாத் தேதியும் உத்தரவுகளும் கையில் வரும், பின்தொடரச் சிறந்த கருவி, காசும் கிடையாது. ஆனால் அதிலிருந்து இறக்கிய நகல் சான்றிட்ட நகல் ஆகாது. அதை வாட்ஸ்அப்பில் அனுப்பிவிட்டு ‘தெரிவித்துவிட்டேன்’ என்பது பாதி வேலை.

வாய்ப்பு என்பதைப் பலர் செயலுறுத்துக் கட்டளைக்கு மட்டுமே உரியதாக நினைக்கிறார்கள். இடித்து அகற்று என்றால் அதற்கான அவகாசம் கழிந்ததா என்று பார்ப்பார்கள், உண்மை. தடையாணையில் சும்மா இருப்பதே கீழ்ப்படிதல். தீர்ப்பு தெரிந்த கணத்திலிருந்து வாய்ப்பு தொடங்கிவிடும். ஆனாலும் மனுவில் ஒரு வரி எழுதியாக வேண்டும்: இன்ன தேதியில் தெரிந்தது, இன்ன தேதியில் மீறினார், இடையே இத்தனை நாள். எழுதாமல் விட்டால் விதியின் சொற்களையே மனு தொடவில்லை என்பார்கள்.

நான்காவதான செயல்தான் மனுவின் உடம்பு. மனுக்களில் அடிக்கடி காணும் வரி இப்படி: ‘எதிர்மனுதாரர்கள் தீர்ப்பாணைக்குப் பிறகும் தொடர்ந்து பலமுறை அத்துமீறி இடையூறு செய்து வருகிறார்கள்.’ இந்த வரியில் நிரூபிக்க எதுவுமே இல்லை. மறுக்கவும் ஒரு சொல் போதும். அதற்குப் பதில்: ‘12-ஆம் தேதி ஞாயிற்றுக்கிழமை காலை 7 மணியளவில் 1-ஆம் எதிர்மனுதாரர், தபசில் சொத்தின் தென்மேற்கு மூலையில் நட்டிருந்த 3 கல்லைப் பிடுங்கி, 2 கொத்தனார்களை வைத்து வடக்கு தெற்காக 18 அடி நீளத்துக்கு அஸ்திவாரம் தோண்டினார், 2-ஆம் எதிர்மனுதாரர் மணல் இறக்கினார், 3-ஆம் எதிர்மனுதாரர் அன்று அங்கே இல்லை.’ கடைசி வாக்கியத்தைக் கவனியுங்கள். இல்லாதவரை இல்லை என்று ஒப்புக்கொள்ளும் மனுவை நீதிபதி நம்பிப் படிப்பார். பகையின் பேரில் எதிர்த் தரப்பு வீட்டில் உள்ள எல்லோர் பெயரையும் இழுத்துப் போட்ட மனுவில், குறுக்கு விசாரணையில் ஒரு பெயர் உடைந்தால் மற்றவையும் சேர்ந்து சரியும். சிறை என்பது தனி ஆளுக்கு. ஆகவே யார் என்ன செய்தார் என்பது ஆளுக்கு ஆள் தனித்தனியாக இருக்க வேண்டும். தீர்ப்பாணையில் ‘அவர்களுடைய ஆட்கள், ஏஜெண்டுகள்’ என்று இருந்தால் வேலையாளை வைத்துச் செய்ததும் மீறல்தான்; ஆனால் வேலையாளை வைத்தவர் இவர்தான் என்பதற்குச் சாட்சி வேண்டும். கொத்தனாருக்குக் கூலி கொடுத்தது யார், செங்கல் லாரி யார் பெயரில் வந்தது என்பதெல்லாம் அங்கே உதவும்.

தீர்ப்பாணைக்கு முன் நடந்தவை, தபசிலில் இல்லாத சொத்தில் நடந்தவை, வாய்ச்சண்டை, ஜாதிப் பஞ்சாயத்து, இவற்றை மனுவில் கொட்டாதீர்கள். நெருப்பு மாதிரி கோபம் வரும், ஆனால் மனுவின் கூர்மை போய்விடும்.

சான்றுகளில் எதற்கு எவ்வளவு எடை என்று கேட்டால் வழக்கறிஞர் ஆணையரின் அறிக்கைக்குத்தான் முதல் இடம். கட்டளை 26, விதி 18ஏ இருப்பதால் நிறைவேற்று நடவடிக்கையிலும் ஆணையரை நியமிக்கலாம். ஆனால் அவரை எதற்குக் கேட்கிறோம் என்பதில் கவனம் வேண்டும். நிலம் யார் கைவசத்தில் இருக்கிறது என்று கண்டுபிடித்துச் சொல்ல ஆணையர் வேண்டும் என்று கேட்டால் மனு அங்கேயே சாயும். சான்று திரட்டித் தருவது அவர் வேலை இல்லை. சுவர் இருக்கிறதா, எத்தனை அடி, சிமென்ட் பூச்சு புதியதா, கல் நட்ட குழி தெரிகிறதா, புலப்படத்தின்படி தபசிலுக்குள் எத்தனை அடி வந்திருக்கிறது: இப்படிக் கண்ணால் கண்டு அளந்து எழுதக்கூடியதைக் கேட்டால் கிடைக்கும். சர்வேயர் துணையோடு என்பதையும் அதே மனுவில் கேளுங்கள். இல்லாவிட்டால் அடி அளவு இருக்கும், எந்தக் கோட்டிலிருந்து என்பது இருக்காது. மழைக்கு முன்னால் ஆணையர் போவதும் முக்கியம். தோண்டிய குழி ஒரு மழையில் மூடிவிடும்.

போட்டோவும் வீடியோவும் இப்போது எல்லா மனுவிலும் இருக்கின்றன, முக்கால்வாசி சரியாக ஏறுவதில்லை. 2024 ஜூலை 1 முதல், பழைய சாட்சியச் சட்டத்துக்குப் பதிலாக, பாரதிய சாட்சிய அதிநியம் நடைமுறையில் இருக்கிறது. அதன் பிரிவு 63-ன்படி மின்னணுப் பதிவோடு சான்றிதழ் வேண்டும். அட்டவணையில் உள்ள படிவத்தில் ஏ பகுதியைப் பதிவைக் கொண்டு வருபவரும், பி பகுதியை நிபுணரும் நிரப்ப வேண்டும். கோப்பு மாறவில்லை என்று காட்டும் குறியீடான ஹாஷ் மதிப்பையும் எழுத வேண்டும். பழைய சட்டத்தின் 65பி பிரிவுச் சான்றிதழ் மாதிரியைத் தேதி மாற்றி ஒட்டுவது இப்போது செல்லாது. எடுத்த போனை விற்றுவிட்டுப் பிரதியை மட்டும் வைத்திருப்பது இன்னொரு தப்பு. வாட்ஸ்அப்பில் படமாக அனுப்பினால் கோப்பு சுருங்கி, உள்ளே பதிந்திருந்த தேதி, இட விவரங்கள் போய்விடும். மூலக் கோப்பைத் தொடாமல் ஒரு பென்டிரைவில் அப்படியே எடுத்துவைத்து, ஹாஷ் மதிப்பை அன்றே கணக்கிட்டுக்கொள்ள வேண்டும். ஃப்ரேமில் நிலையான ஒரு பொருள், உதாரணத்துக்கு மின்கம்பம் அல்லது கிணற்றுச் சுவர், வரும்படி எடுத்தால் இடம் எதுவென்று வாதாட வேண்டியிருக்காது.

காவல் நிலையத்தில் புகார் கொடுத்து வாங்கிய சி.எஸ்.ஆர். ரசீது? அது புகார் கொடுத்ததற்குச் சான்று, மீறலுக்குச் சான்று ஆகாது. ஆனாலும் தேதியைக் கட்டிப்போட உதவும். சம்பவம் நடந்த அன்றே கொடுத்த புகார் என்றால் பிறகு ஜோடித்தது என்ற வாதம் மெலியும். சொந்த பந்தம் தவிர ஒரு சாட்சியாவது வேண்டும். பக்கத்து நிலத்துக்காரர், உழவு ஓட்டியவர், அளந்த சர்வேயர் யாராவது.

இப்போது ஐந்தாவதுக்கு வரலாம். வேண்டுமென்றே என்பது எதில் தெரியும்? எச்சரிக்கை நோட்டீஸ் கிடைத்த பிறகு அதே செயலைத் திரும்பச் செய்ததில்தான் மிக நன்றாகத் தெரியும். ஆகவே முதல் மீறலிலேயே கைது கேட்டு ஓடுவதைவிட, முதல் மீறலை ஆணையர் மூலமோ போட்டோ மூலமோ பதிவு செய்து, தீர்ப்பாணை நகலோடு நோட்டீஸ் அனுப்பி, இரண்டாம் மீறலை மையமாக வைத்து மனுப் போடுவது பலமானது. சேதம் பெரிதாக இருக்குமானால் காத்திருக்கக் கூடாது, அது வேறு. நோட்டீஸுக்கு எதிராளி அனுப்பும் பதில் பெரும்பாலும் தங்கம்: ‘எனக்குப் பாத்தியம் உண்டு, அப்படித்தான் செய்வேன்’ என்று வக்கீல் கையெழுத்தோடு எழுதியிருப்பார்கள். தீர்ப்பில் தோற்ற அதே வாதத்தைத் திரும்ப எழுதியிருந்தால் அதுவே மனநிலைச் சான்று. நீதிமன்றம் தொடர்ந்து விடுமுறையாக இருக்கும் நாள்களில், இருட்டில், ஒரே மூச்சில் வேலையை முடித்தது, வேலை நிறுத்தச் சொன்னபின் வேகப்படுத்தியது, தனக்குப் பதிலாக வேறு ஆளை முன்னே நிறுத்தியது, இவையும் ஊகத்தைக் கனமாக்கும்.

குறுக்கு விசாரணையில் ‘வேண்டுமென்றே மீறினீர்களா’ என்று எதிராளியைக் கேட்பதில் பயன் இல்லை. ‘இல்லை’ என்பார், பதிவாகிவிடும். படிப்படியாகக் கேட்க வேண்டும். வழக்கில் நீங்கள் சாட்சி சொன்னீர்களா? தீர்ப்பு உங்களுக்கு எதிரானது என்று தெரியுமா? மேல்முறையீடு போட்டீர்களா? தடை கிடைத்ததா? சர்வேயர் கல் நட்டபோது இருந்தீர்களா? அந்தக் கல் இப்போது எங்கே? கொத்தனாரை அழைத்தது யார்? ஒவ்வொன்றுக்கும் ஆம் அல்லது தெரியும் என்று வந்தால், வாதத்தில் சேர்த்துச் சொல்ல வேண்டியது நம் வேலை. மேல்முறையீடு போட்டுவிட்டேன் என்பது தற்காப்பு ஆகாது. கட்டளை 41, விதி 5 தெளிவாகச் சொல்கிறது, மேல்முறையீடு தாக்கல் செய்ததே தடை ஆகாது. ஊர்ப் பெரியவர்கள் முன் சமாதானம் பேசிவிட்டோம் என்றால், அது கட்டளை 21, விதி 2-ன்படி நீதிமன்றத்தில் பதிவாகியிருக்கிறதா என்று கேளுங்கள். பதிவாகாத சமாதானத்தை நிறைவேற்று நீதிமன்றம் கணக்கில் எடுக்காது.

எதிராளி சொல்வது நிஜமாகவே நிற்கக்கூடிய இடங்களும் உண்டு. தீர்ப்பாணை தெரியும் முன் செய்த வேலை. எல்லையில் நேர்மையான ஐயம். மேல் நீதிமன்றத் தடை இருந்த காலம். மகன் தனிக் குடித்தனம், தன் போக்கில் செய்தான் என்று காட்டக்கூடிய நிலை. தீர்ப்பாணையின் சொற்களுக்கே இரண்டு பொருள் வருவது. இவற்றில் ஒன்று உங்கள் மனுவில் இருந்தால் சிறை கேட்பதில் பிடிவாதம் வேண்டாம்.

ஏனென்றால் அங்கேதான் முன்பு தள்ளிவைத்த 5-ஆம் உட்பிரிவு வருகிறது. 1-ஆம் உட்பிரிவு ‘வேண்டுமென்றே கீழ்ப்படியத் தவறினால்’ என்கிறது. 5-ஆம் உட்பிரிவு ‘கீழ்ப்படியப்படாவிட்டால்’ என்று மட்டும் சொல்கிறது. அந்த ஒரு சொல் அங்கே இல்லை. செய்ய வேண்டிய செயலைத் தீர்ப்பாணை பெற்றவரோ நீதிமன்றம் நியமிக்கும் வேறொருவரோ, எதிராளியின் செலவில் செய்துகொள்ள நீதிமன்றம் அனுமதிக்கலாம். செலவுத் தொகையைத் தீர்ப்பாணையில் சேர்ந்த தொகை போலவே வசூலிக்கலாம். இது செயலுறுத்துக் கட்டளைக்கு மட்டும்தான் என்று முன்பு சண்டை இருந்தது. 2002 ஜூலை 1 முதல் அமலான திருத்தத்தின் விளக்கம், தடையாணைக்கும் இது பொருந்தும் என்று சந்தேகத்தைத் தீர்த்துவிட்டது. ஆகவே தடையை மீறிக் கட்டிய சுவரை அகற்ற, மூடிய பாதையைத் திறக்க, பிடுங்கிய கல்லைத் திரும்ப நட இந்த வழி இருக்கிறது. சிறை கேட்டு ஜெயித்தாலும் சுவர் அங்கேயே நிற்கும். 5-ஆம் உட்பிரிவில் ஜெயித்தால் சுவர் போகும். பெரும்பாலானவர்களுக்கு வேண்டியது இரண்டாவதுதான். மனுவின் கோரிக்கையில் இரண்டையும் மாற்றாகவும் கூடுதலாகவும் கேட்டுவிட வேண்டும். இதைக் கேட்காமல் கைது ஒன்றையே கேட்டு, வேண்டுமென்றே என்பது நிரூபணமாகவில்லை என்று தள்ளுபடி வாங்கித் திரும்புவதுதான் இந்தச் சேவையில் பயனாளிகள் தங்களுக்குத் தாங்களே செய்துகொள்ளும் பெரிய நஷ்டம்.

போலீஸ் பாதுகாப்பு கேட்டுப் போடும் மனு வேறு. வேலி போட, அறுவடை செய்ய என்று குறிப்பிட்ட நாளுக்குக் கேட்டால் பயன் தரும். மீறியவரைத் தண்டிக்கும் கருவியாக அதை எண்ணினால் ஏமாற்றம்தான்.

வேகத்துக்கு மட்டும் தயக்கமில்லாமல் குறைந்த மதிப்பெண். நிறைவேற்று மனுக்களைத் தாக்கலான 6 மாதத்துக்குள் முடிக்க வேண்டும், நீட்டித்தால் காரணத்தை எழுதி வைக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2021-ல் சொன்னது. 2025 மார்ச்சில் சேலத்து நிலம் ஒன்றைப் பற்றிய வழக்கில் மறுபடியும் சொல்லி, எல்லா உயர் நீதிமன்றங்களிடமும் கணக்குக் கேட்டது. அதே ஆண்டு அக்டோபரில் வந்த கணக்கில் நாடு முழுக்க 8.82 லட்சம் நிறைவேற்று மனுக்கள் நிலுவை. தமிழ்நாட்டில் மட்டும் 86 ஆயிரத்துக்கு மேல். விதி 32 மனுவில் சாட்சி விசாரணை வேறு இருப்பதால் தாமதம் கூடும். அதைத் தவிர்க்கக் குறுக்கு வழி தேடி, பிரமாணப் பத்திரத்தை மட்டும் வைத்து விசாரணையே இல்லாமல் கைது ஆணை வாங்கினால் அது உயர் நீதிமன்றச் சீராய்வில் (ரிவிஷன்) நிற்காது. மனு திரும்பி வந்து ஆரம்பத்திலிருந்து தொடங்கும். தாக்கல் செய்யும் நாளிலேயே சாட்சிப் பட்டியல், ஆவணங்கள், 63-ஆம் பிரிவுச் சான்றிதழ், ஆணையர் மனு எல்லாவற்றையும் சேர்த்துக் கொடுப்பதுதான் நம் கையில் இருக்கும் ஒரே வேகம். 6 மாத உத்தரவை மேற்கோள் காட்டி ஒரு மெமோவும் போட்டு வைக்கலாம். வாய்தா இழுக்கும்போது உதவும்.

மேல்முறையீட்டு விஷயத்தில் ஒரு வித்தியாசம். 2ஏ விதியின் உத்தரவுக்கு எதிராக மேல்முறையீடு உண்டு, கட்டளை 43-ல் இடம் இருக்கிறது. விதி 32 உத்தரவுக்கு அங்கே இடம் இல்லை; உயர் நீதிமன்றத்தில் சீராய்வுதான். தோற்ற பக்கம் எதுவானாலும் தவறான வாசலில் நின்று கெடுவைத் தொலைத்துவிடக் கூடாது.

எதிராளி பெண் என்றால் கைது முடியாது என்று சிலர் மனுப் போடாமலே விடுகிறார்கள். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் பிரிவு 56 தரும் அந்த விலக்கு பணத் தீர்ப்பாணைக்கு மட்டும். ஒரு மனு தள்ளுபடியானதால் வழி அடைபட்டுவிட்டது என்பதும் சரியல்ல: புதிய மீறல் புதிய மனுவுக்குக் காரணம். முந்தைய மனுவில் எதிராளி கொடுத்த எதிருரையையும் சாட்சியத்தையும் சான்றிட்ட நகலாக வாங்கி, அடுத்த மனுவின் முதல் ஆவணமாகப் போடுங்கள். தீர்ப்பாணை தெரியாது என்று இனி அவரால் சொல்ல முடியாது.